கூற்று இல்லாத ரோபோ: ஸ்டிக்ஸ் குழுவின் 'கில்ராய் வாஸ் ஹியர்' குறித்து

ராக் இசைக்காரர்களுக்குத் திரும்பத் திரும்ப வருகிற ஒரு கெட்ட கனவு உண்டு. எதிர்காலத்தில் ஏதோ ஒரு வருஷம். அரசு பாட்டைத் தடைசெய்துவிட்டது. கிதார் வைத்திருப்பது குற்றம். எங்கோ ஒருவன் பழைய கிதார் ஒன்றைக் கண்டெடுக்கிறான், அல்லது சிறையிலிருந்து தப்பிக்கிறான். கனடாவின் ரஷ் குழு 1976இல் '2112' என்ற இசைத்தட்டில் இந்தக் கனவைக் கண்டது. 1979இல் ஃபிராங்க் ஜாப்பா 'ஜோஸ் கராஜ்' என்று அதையே கேலியாகக் கண்டார். குயின் குழுவின் பாட்டுகளை வைத்து 2002இல் லண்டனில் மேடையேறிய இசை நாடகத்திற்கும் ஏறக்குறைய இதே கதைதான். லட்சக்கணக்கில் விற்கிறவர்கள், ஸ்டேடியம் நிறையக் கூட்டம் சேர்க்கிறவர்கள் தங்களைத் தடைசெய்யப்பட்டவர்களாக ஏன் இவ்வளவு ஆசையோடு கற்பனை செய்துகொள்கிறார்கள்? இந்தக் கேள்வியோடுதான் ஸ்டிக்ஸ் குழுவின் 'கில்ராய் வாஸ் ஹியர்' ஆல்பத்தை நான் கேட்கத் தொடங்கினேன். கேட்டு முடித்தபோது கேள்வி வேறாகிவிட்டது.

ஸ்டிக்ஸ் சிகாகோக்காரர்கள். டென்னிஸ் டியங்கும், இரட்டையர்களான சக் பனோஸோ, ஜான் பனோஸோவும் அந்நகரத்தின் தெற்குப் பகுதியான சவுத் சைடில், ரோஸ்லாண்ட் என்ற இடத்தில் வளர்ந்தவர்கள். 1960களின் தொடக்கத்தில் பையன்களாக ஒன்றுசேர்ந்து வாசிக்க ஆரம்பித்தார்கள். பிறகு ஜேம்ஸ் யங்கும் டாமி ஷாவும் வந்தார்கள். 1977க்கும் 1981க்கும் இடையில் இவர்கள் தொட்டதெல்லாம் விற்றது. 1981இல் வெளிவந்த 'பாரடைஸ் தியேட்டர்' அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. ஆக, 1983 பிப்ரவரியில் 'கில்ராய்' வந்தபோது இவர்கள் பழுத்த ஆட்கள். இது அவர்களது 11ஆவது ஆல்பம். ஒரே கதையைப் பாட்டுக்குப் பாட்டு தொடர்ந்து சொல்லிப்போகும் ஆல்பம் என்பது திட்டம். மேடையில் முதலில் ஒரு குறும்படம் காட்டுவார்கள். படம் முடிகிற இடத்தில் குழுவினர் அதே பாத்திரங்களாக மேடைக்கு வந்து நடித்துப் பாடுவார்கள்.

கதை இதுதான். டாக்டர் எவரெட் ரைட்டியஸ் என்கிற தொலைக்காட்சி மதப் பிரசங்கி. பெயரிலேயே 'நீதிமான்'. இவருடைய 'இசை ஒழுக்கத்துக்கான பெரும்பான்மை' என்ற அமைப்பு ராக் இசையைத் தடைசெய்துவிடுகிறது. ராபர்ட் ஓரின் சார்ல்ஸ் கில்ராய் என்ற பாடகன் பொய்வழக்கில் சிறையில் கிடக்கிறான். (முதலெழுத்துகளைச் சேர்த்தால் 'ராக்' வரும். இந்த மாதிரிச் சின்னப்பிள்ளை விளையாட்டுகள் ஆல்பம் முழுக்க உண்டு.) சிறையைக் காப்பவை ஜப்பானில் செய்யப்பட்ட ரோபோக்கள். கில்ராய் ஒரு காவல் ரோபோவை மடக்கி, அதன் கூட்டுக்குள் புகுந்துகொண்டு வெளியேறுகிறான். பழைய பாரடைஸ் தியேட்டர் இப்போது 'ராக் நோயியல் அருங்காட்சியகம்'. அங்கே ஜோனதன் சான்ஸ் என்ற இளைஞன் முன்னால் முகமூடியைக் கழற்றித் தன்னை வெளிப்படுத்துகிறான்.

சும்மா சொல்லக்கூடாது, முதல் பாட்டான 'மிஸ்டர் ரோபோட்டோ' நல்ல பாட்டு. குரலை இயந்திரமாக்கும் வோகோடர் என்ற கருவியின் வழியே சில ஜப்பானியச் சொற்கள், அதைத் தொடர்ந்து சின்தசைசரின் துடிப்பு, அதன் மேல் நாடகக்காரனின் தொண்டையோடு டியங். பாதி ஆல்பம் இந்தத் தரத்தில் இல்லை. 'டோன்ட் லெட் இட் எண்ட்' சாதாரணக் காதல் பாட்டு. ரோபோவுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. டாமி ஷாவின் பாட்டுகளைக் கேட்டால் மனுஷன் வேறொரு ஆல்பத்துக்கு எழுதிக்கொண்டிருந்தார் என்றே தோன்றும். 1984இல் அவர் குழுவை விட்டுப் போய்விட்டார். அமெரிக்க விமர்சகர்கள் பலகாலம் இந்த ஆல்பத்தை ஒரு தமாஷாகத்தான் பேசினார்கள். அதோர்னோவைத் துணைக்கு அழைத்து, பண்பாட்டுத் தொழிற்சாலையின் சரக்கு என்று ஒரே வரியில் தூக்கிப் போடுவதும் சுலபம். இரண்டுமே எனக்குப் போதவில்லை.

தமிழ் எம்.ஏ. படித்தவனிடம் ஒரு பிரதியைக் கொடுத்தால் அவன் முதலில் கேட்பது 'இது யார் கூற்று?' என்பதைத்தான். தலைவி கூற்றா, தோழி கூற்றா, யாருக்குச் சொன்னது, யார் ஒட்டுக்கேட்கச் சொன்னது. செய்யுளியலில் தொல்காப்பியர் இன்னொன்றும் சொல்கிறார். ஊரார், அயலார், சேரியார், தந்தை, தமையன் முதலானோர்க்கு அகப்பாட்டில் நேரடிக் கூற்று கிடையாது. அவர்கள் சொன்னதாகப் பிறர் எடுத்துச் சொன்னால்தான் உண்டு. அலர் தூற்றும் ஊர் கவிதைக்குள் எப்போதும் இருக்கும். ஆனால் வாய் திறக்காது. இந்த விதியை வகுப்பில் மனப்பாடம் செய்தபோது எனக்கு அது வெறும் இலக்கணம். எந்தப் பிரதியிலும் யாருக்குக் கூற்று தரப்படுகிறது, யாருக்கு மறுக்கப்படுகிறது என்று பார்த்தால் அதன் அதிகார ஏற்பாடு தெரிந்துவிடும் என்பது பிற்பாடுதான் உறைத்தது.

'மிஸ்டர் ரோபோட்டோ'வில் பேசுகிறவன் கில்ராய். கேட்கிறது ரோபோ. அந்த ஜப்பானியச் சொற்களும் ரோபோவின் பேச்சல்ல. கில்ராய் ரோபோவுக்கு அதன் மொழியில் சொல்லும் நன்றி. எதற்கு நன்றி? யாரும் செய்ய விரும்பாத வேலைகளைச் செய்ததற்கு. தான் தப்பிக்கத் துணையாக இருந்ததற்கு. ரோபோ துணையாக இருந்ததா? கதைப்படி அதை மடக்கி, உள்ளீட்டை அகற்றி, கூட்டை மட்டும் இவன் எடுத்து மாட்டிக்கொண்டான். வெறுங்கூடாக்கிவிட்டு நன்றி சொல்கிறான். அதோடு, தான் ரோபோ இல்லை, உணர்ச்சி உள்ளவன் என்று சத்தியமும் செய்கிறான். இதயம் மனித இதயம் என்கிறான். மூளைக்கு ஐ.பி.எம். பெயரைச் சொல்கிறான், அது அமெரிக்கக் கம்பெனி. ஜப்பானுக்கு மிஞ்சுவது முகம் மட்டும்தான், அதுவும் கழற்றி வைத்துவிடுகிற முகம். ஸ்டான் வின்ஸ்டன் வடிவமைத்த அந்த முகமூடியைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது விளங்கும்: சாய்ந்த கண்கள், உறைந்துபோன பாவனை. ஆசிய முகம் என்று மேற்கத்தியக் கேலிச்சித்திரம் நூறு வருஷமாக வரைந்துகொண்டிருந்த அதே முகம்.

இங்கே ஆல்பத்துக்கு நியாயம் செய்ய வேண்டிய ஒரு விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். தணிக்கை பற்றிய இவர்களது பயம் வெறும் கற்பனை அல்ல. ஜெர்ரி ஃபால்வெல் 1979இல் 'ஒழுக்கப் பெரும்பான்மை' என்ற கிறிஸ்தவ வலதுசாரி இயக்கத்தைத் தொடங்கினார். டாக்டர் ரைட்டியஸ் யாருடைய பகடி என்பது அன்றைக்கு எல்லோருக்கும் தெரியும். ராக் இசைத்தட்டுகளைத் தலைகீழாகச் சுழற்றினால் சாத்தானின் செய்தி கேட்கும் என்ற பீதி அப்போது பரவியிருந்தது. ஸ்டிக்ஸின் 'ஸ்னோபிளைண்ட்' பாட்டின்மேலும் இந்தக் குற்றச்சாட்டு விழுந்தது. கொக்கெய்ன் பழக்கத்தின் கொடுமையைச் சொல்கிற பாட்டு அது! 1983இல் ஆர்கன்ஸா மாநிலச் சட்டமன்றம், தலைகீழ்ச் செய்தி உள்ள தட்டுகளில் எச்சரிக்கை ஒட்ட வேண்டும் என்று மசோதா கொண்டுவந்தது. பீட்டில்ஸ், பிங்க் ஃபிளாய்ட், குயின் வரிசையில் ஸ்டிக்ஸும் அதில் இருந்தது. ஆளுநராக இருந்த பில் கிளிண்டன் அதைத் திருப்பி அனுப்பியதால் தோற்றது.

இதற்கு ஸ்டிக்ஸ் கொடுத்த பதில்தான் ஆல்பத்திலேயே கெட்டிக்காரத்தனமான காரியம். 'இந்த ஆல்பத்தில் ரகசியத் தலைகீழ்ச் செய்தி உள்ளது' என்று டாக்டர் ரைட்டியஸின் அமைப்பே எச்சரிப்பது போல உறையில் ஒரு ஒட்டுத்தாள். ஜேம்ஸ் யங் பிரசங்கியாக முழங்கும் 'ஹெவி மெட்டல் பாய்ஸனிங்' பாட்டின் தொடக்கத்தில் உண்மையாகவே ஒரு தலைகீழ்ச் செய்தியை வைத்தார்கள். திருப்பிப் போட்டுக் கேட்டால் லத்தீன். அமெரிக்காவின் ஒரு டாலர் நோட்டின் பின்பக்கத்தில் பிரமிடுக்கு மேலும் கீழும் அச்சிட்டிருக்கிறதே, அந்த வாசகங்கள். சாத்தானைத் தேடிப் போனவன் கையில் டாலர் கிடைக்கிறது. தங்களை அறியாமல் இவர்கள் எழுதிவிட்ட ஒரு நல்ல விமர்சனம் இது. பிரசங்கிக்கும் பாடகனுக்கும் பொதுவான ரகசியம் வேறென்ன?

ஆனால் இந்தக் கெட்டிக்காரத்தனம் ரோபோ பக்கம் வரவேயில்லை. 1983இன் அமெரிக்காவில் 'ஜப்பானிய ரோபோ' என்ற சொல் விண்வெளிக் கதைச் சமாச்சாரம் அல்ல. 1980 மார்ச்சில் சவுத் சைடில் விஸ்கான்சின் ஸ்டீல் ஆலை மூடப்பட்டது. ஏறத்தாழ 3400 பேர் தெருவுக்கு வந்தார்கள். ரோஸ்லாண்டிலிருந்து அது தூரமில்லை. 1981இல் ரீகன் அரசின் நெருக்குதலால் ஜப்பான் வருஷத்துக்கு 16 லட்சத்து 80 ஆயிரம் கார்களுக்கு மேல் அமெரிக்காவுக்கு அனுப்புவதில்லை என்று 'தானாக முன்வந்து' ஒப்புக்கொண்டது. 1982 கடைசியில் வேலையில்லாதோர் 10.8 சதவீதம். ஆலையை மூடிய முதலாளிக்கு முகம் கிடையாது. அவன் பங்குச் சந்தையிலும் வாரியக் கூட்டத்திலும் இருக்கிறான். ஆகவே கோபத்துக்கு ஒரு முகம் தேவைப்பட்டது. சாய்ந்த கண்களுள்ள ஒரு முகம் தயாராகக் கிடைத்தது.

1982 ஜூன் 19 இரவு டெட்ராய்டை ஒட்டிய ஹைலண்ட் பார்க்கில் வின்சென்ட் சின் என்ற 27 வயது இளைஞரை இரண்டு வெள்ளையர்கள் பேஸ்பால் மட்டையால் அடித்தார்கள். ஒருவன் கிரைஸ்லர் கார் தொழிற்சாலையின் மேற்பார்வையாளன். மற்றவன் அவனுடைய வளர்ப்பு மகன், கார் தொழிலில் வேலை இழந்தவன். உங்களால்தான் எங்களுக்கு வேலை போச்சு என்ற பொருளில் ஒருவன் கத்தியதைக் கேட்டதாகச் சாட்சி சொன்னார்கள். வின்சென்ட் சின் ஜப்பானியர் அல்ல; சீன அமெரிக்கர். கல்யாணத்துக்குச் சில நாட்கள் இருக்கும்போது நண்பர்களோடு வெளியே வந்தவர். 23ஆம் தேதி இறந்தார். 1983 மார்ச் 16 அன்று நீதிமன்றம் கொன்றவர்களுக்குக் கொடுத்த தண்டனை: 3 வருஷ நன்னடத்தைக் கண்காணிப்பு, 3000 டாலர் அபராதம். ஒரு நாள் சிறை கிடையாது. பிறகு நடந்த மத்திய அரசின் வழக்குகளும் 1987இல் விடுதலையில் முடிந்தன. அந்த மார்ச் மாதத்தில் 'மிஸ்டர் ரோபோட்டோ' வானொலிப் பட்டியலில் மேலே ஏறிக்கொண்டிருந்தது. 3ஆம் இடம் வரை போயிற்று.

"ஒரு பாட்டு மேல இவ்வளவு பாரத்தை ஏத்தணுமா?" என்று இதைப் படித்துப் பார்த்த நண்பர் கேட்டார். பாட்டு கொலை செய்தது என்று நான் சொல்லவில்லை. டியங் இனவெறியர் என்றும் சொல்லவில்லை. அவர் இயந்திரமயமாதல் பற்றி நேர்மையாகவே கவலைப்பட்டவர், பாட்டில் வரும் கவலை நிஜம். நான் கேட்பது வேறு. மனிதத்தன்மையை அழிக்கும் இயந்திரத்துக்கு ஒரு முகம் வரைய உட்கார்ந்தபோது கை தானாக எந்த முகத்தை வரைந்தது? நீதிமன்றத்தில் அந்த நீதிபதிக்குத் தெரியாத முகமும் அதுதான். ஒரு பண்பாட்டில் யார் மனிதர், யார் மனிதர் மாதிரி என்ற பிரிவினை எங்கே வேலை செய்கிறது என்றால், யோசித்துச் செய்யும் இடங்களைவிட யோசிக்காமல் செய்யும் இடங்களில்தான்.

தலைப்பையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். 'கில்ராய் இங்கே இருந்தான்' என்பது இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கச் சிப்பாய்கள் போன இடமெல்லாம் சுவரில் கிறுக்கிய வாசகம். சுவருக்கு மேல் நீண்ட மூக்கோடு எட்டிப் பார்க்கும் மொட்டைத்தலையும் கூட இருக்கும். பசிபிக் தீவுகளில், ஜப்பானுக்கு எதிரான போரில், ராணுவம் பிடித்த இடங்களிலும் இதை எழுதினார்கள். பரவலாகச் சொல்லப்படும் வரலாற்றின்படி இதன் மூலவர் மாசசூசெட்ஸில் குவின்சி என்ற ஊரின் கப்பல் கட்டும் தளத்தில் வேலை பார்த்த ஜேம்ஸ் கில்ராய். சோதனை அதிகாரி. அங்கே ஆணி அறைகிற தொழிலாளிகளுக்கு எண்ணிக்கைக்குக் கூலி. எண்ணியதற்கு அடையாளமாகச் சுண்ணாம்புக் கட்டியால் போட்ட கோட்டைத் தொழிலாளிகள் அழித்துவிட்டு, அடுத்த அதிகாரியிடம் இன்னொரு தடவை எண்ண வைத்துக் காசு பார்த்தார்களாம். அதைத் தடுக்க அவர் பெரிதாக எழுதி வைத்த வாசகம் இது. எனக்குக் கை அந்தத் தொழிலாளிகள் பக்கம்தான் நீள்கிறது என்றாலும், பார்க்க வேண்டியது இது: கலகக்காரனின் கையெழுத்தாக ஆல்பம் எடுத்துக்கொண்ட வாசகம் பிறந்தது கண்காணிப்பின் கையெழுத்தாக. ஃபூக்கோவுக்குத் தெரிந்திருந்தால் சிரித்திருப்பார்.

இப்போது 1979க்குப் போக வேண்டும். தடைசெய்யப்பட்ட இசை, அழிக்கப்படும் இசைத்தட்டுகள் என்று ஆல்பம் எதிர்காலத்தில் கற்பனை செய்கிற காட்சி, சிகாகோவில், அதே சவுத் சைடில், ஏற்கனவே நடந்து முடிந்திருந்தது. 1979 ஜூலை 12, காமிஸ்கி பார்க் பேஸ்பால் மைதானம். ஸ்டீவ் டால் என்ற ராக் வானொலி அறிவிப்பாளர் அழைப்பு விடுத்தார்: ஒரு டிஸ்கோ இசைத்தட்டைக் கொண்டுவாருங்கள், 98 சென்டில் ஆட்டம் பார்க்கலாம். சுமார் 50,000 பேர் திரண்டார்கள். இரண்டு ஆட்டங்களுக்கு நடுவில் ஒரு பெட்டி நிறைய இசைத்தட்டுகளை வெடிவைத்துத் தகர்த்தார்கள். கூட்டம் மைதானத்துக்குள் பாய்ந்தது. இரண்டாவது ஆட்டத்தை நடத்த முடியவில்லை. டிஸ்கோ என்றால் அன்றைக்கு யார்? கறுப்பர்கள், லத்தீன் அமெரிக்கர்கள், ஒருபால் உறவாளர்களின் நடனக் கூடங்களிலிருந்து வந்த இசை. டால் இதில் இனவெறியும் இல்லை, ஒருபாலர் வெறுப்பும் இல்லை என்று பின்னாளில் வாதாடினார். தன்னை வேலைக்கு வைத்திருந்த நிலையம் டிஸ்கோவுக்கு மாறித் தன்னை வெளியேற்றியதுதான் கோபம் என்றார். இருக்கட்டும். அன்று மைதானத்தில் இருக்கை காட்டும் வேலையில் இருந்த வின்ஸ் லாரன்ஸ் என்ற கறுப்பினச் சிறுவர் வேறொன்றைக் கவனித்தார். கொண்டுவந்து குவித்த தட்டுகளில் பல டிஸ்கோவே இல்லை. கறுப்பர்கள் பாடியவை, அவ்வளவுதான்.

ஸ்டிக்ஸ் குழுவினர் அந்த மைதானத்தில் இருந்தார்கள் என்றோ அதை ஆதரித்தார்கள் என்றோ நான் சொல்லவில்லை. ஆனால் தட்டுகளை உடைத்த கையும் ஸ்டிக்ஸ் கச்சேரிக்கு டிக்கெட் வாங்கிய கையும் ஒரே சமூகத்தின் கை. நாலே வருஷம் கழித்து அந்தச் சமூகத்துக்கே, 'உங்கள் இசையை அழிக்க வருகிறார்கள்' என்று ஒரு கதையாடல் விற்கப்படுகிறது. அழித்தவன் அழிக்கப்படுகிறவனாகத் தன்னைப் பார்த்துக்கொள்ள ஒரு கண்ணாடி. பெரும்பான்மை தன்னைச் சிறுபான்மையாக நினைத்துப் பயப்படும்போது கிடைக்கும் சுகம் தனி. அதே 1983 பிப்ரவரியில் சிகாகோவில் ஹெரால்ட் வாஷிங்டன் ஜனநாயகக் கட்சியின் மேயர் வேட்பாளரானார். ஏப்ரலில் அந்நகரின் முதல் கறுப்பின மேயராகத் தேர்வானார். அந்தத் தேர்தலில் வெள்ளையர் பகுதிகளில் நடந்த பிரச்சாரத்தின் அசிங்கம் தெரிந்தவர்களுக்கு, 'எல்லாம் கைவிட்டுப் போகிறது' என்ற உணர்வு அந்த நகரத்தில் யாருடையது என்று விளக்க வேண்டியதில்லை. ஆல்பத்தின் எதிர்கால நகரத்தில் கறுப்பர் ஒருவர்கூட இல்லை.

(இந்த இடத்தில் நம்மூர் உதாரணங்களுக்கு வருவேன் என்று எதிர்பார்க்கும் தோழர்கள் மன்னிக்க வேண்டும். உதாரணம் கையில் உள்ளவர்கள் தாங்களே பொருத்திப் பார்த்துக்கொள்வார்கள்.)

உண்மையான தணிக்கை எப்படி வந்தது? 1985இல் வாஷிங்டனில் செல்வாக்குள்ள அரசியல்வாதிகளின் மனைவிமார் ஓர் அமைப்பு தொடங்கினார்கள். செப்டம்பர் 19 அன்று செனட் குழு விசாரித்தது. ஜாப்பா, ஜான் டென்வர், டீ ஸ்னைடர் போய்ச் சாட்சி சொன்னார்கள். தட்டுகளில் எச்சரிக்கை ஒட்டும் ஏற்பாடு வந்தது. இந்த அளவில் ஸ்டிக்ஸின் கணிப்பு சரி. அவர்கள் கேலிக்கு ஒட்டியது இரண்டே வருஷத்தில் நிஜமாயிற்று. ஆனால் போலீஸ் யார் வீட்டுக் கதவைத் தட்டியது? 1990 ஜூனில் ஃபுளோரிடாவில் ஒரு நீதிபதி 2 லைவ் க்ரூ என்ற கறுப்பின ராப் குழுவின் ஆல்பத்தை ஆபாசம் என்று தீர்ப்பளித்தார். அதை விற்றதற்காக சார்ல்ஸ் ஃப்ரீமன் என்ற கறுப்பினக் கடைக்காரர் கைது செய்யப்பட்டார். 1992இல்தான் மேல்முறையீட்டில் அந்தத் தீர்ப்பு ரத்தானது. அப்புறம் ராப் பாடல் வரிகளையே குற்றச் சாட்சியமாக நீதிமன்றங்களில் வாசிக்கிற வழக்கம் பெருகியது. 2022இல் கலிஃபோர்னியா அதைக் கட்டுப்படுத்தச் சட்டம் போட வேண்டியிருந்தது. கில்ராய் கனவில் கண்ட சிறை நிஜத்தில் கட்டப்பட்டபோது, உள்ளே போனவர்கள் கில்ராய்கள் அல்ல.

ஆல்பத்தில் கூற்று இல்லாதவர் இன்னொருவர் உண்டு. அவரைப் பற்றி எழுதத்தான் இவ்வளவு சுற்றி வந்தேன் போலிருக்கிறது. பனோஸோ சகோதரர்களுக்கு இந்த நாடகத்தில் டாக்டர் ரைட்டியஸின் அடியாட்கள் வேஷம். பாத்திரப் பெயர்கள் லெஃப்டினன்ட் வேனிஷ், கர்னல் ஹைட். ஆங்கிலத்தில் காதால் கேட்டால் ஒன்று மறைந்துபோதல், மற்றது ஒளிந்துகொள்ளல். டியங்குக்குப் பாட்டு உண்டு, ஷாவுக்கு உண்டு, யங்குக்கு உண்டு. இவர்களுக்குச் சீருடை மட்டும். பேஸ் கிதார் வாசித்த சக் பனோஸோ ஒருபால் விருப்பம் கொண்டவர். இருபது வருஷத்துக்கு மேல் அதை மறைத்துக்கொண்டு வாசித்தார். எச்.ஐ.வி. தொற்றோடு வாழ்ந்தார். 2001இல் சிகாகோவில் ஒரு மனித உரிமை அமைப்பின் விருந்தில்தான் முதன்முறையாக வெளிப்படையாகச் சொன்னார். 2007இல் சுயசரிதையும் எழுதினார். அதற்குள் தம்பி ஜான் 1996இலேயே இறந்திருந்தார்.

ஒவ்வொரு இரவும் மேடையில் நடந்ததை யோசித்துப் பாருங்கள். முகமூடிக்குள் ஒரு ரகசியம் வைத்திருக்கிறேன் என்று ஒருவன் முன்னால் நின்று பாடுகிறான். கடைசியில் முகமூடியைக் கழற்றி, நான் கில்ராய் என்று கத்துகிறான். ஸ்டேடியம் ஆர்ப்பரிக்கிறது. பின்னால் சிலடி தூரத்தில், முகமூடியைக் கழற்ற முடியாத ஒருவர் அதற்குப் பேஸ் வாசித்துக்கொண்டிருக்கிறார், தணிக்கைக்காரனின் சீருடையில். யாரும் இதைத் திட்டமிடவில்லை. நாடகக்காரரான டியங் எழுதியதில் இதைவிடப் பெரிய நாடகம் இல்லை, அதை அவர் எழுதவும் இல்லை. காமிஸ்கி பார்க்கில் தட்டுகள் வெடித்தபோது சக் பனோஸோ என்ன நினைத்திருப்பார் என்று யோசிக்கிறேன். என்னால் அதற்கு மேல் போக முடியவில்லை.

எதிர்காலம் என்று ஒன்று அன்று வந்துகொண்டுதான் இருந்தது. ஸ்டிக்ஸ் நின்ற இடத்திலிருந்து அது தெரியவில்லை. 1977 முதல் சிகாகோவின் வேர்ஹவுஸ் என்ற கூடத்தில் ஃபிராங்கி நக்கிள்ஸ், பெரும்பாலும் கறுப்பின, ஒருபாலின இளைஞர்கள் ஆட, தட்டுகளை இணைத்து இணைத்து வாசித்துக்கொண்டிருந்தார். செத்துப்போனதாக அறிவிக்கப்பட்ட டிஸ்கோ அங்கே உருமாறிக்கொண்டிருந்தது. ஜப்பானின் ரோலண்ட் கம்பெனி செய்த 808 தாள இயந்திரம், 303 பேஸ் இயந்திரம் இரண்டும் சந்தையில் எடுபடவில்லை; நிஜ மேளம் மாதிரி இல்லை என்று இசைக்காரர்கள் ஒதுக்கினார்கள். பழைய சாமான் விலைக்கு வந்தபோது கறுப்பினப் பையன்கள் வாங்கினார்கள். ஹவுஸ் என்ற இசை பிறந்தது. கார் தொழிற்சாலைகள் மூடிக்கிடந்த டெட்ராய்ட் பக்கம் ஹுவான் அட்கின்ஸ், வியட்நாம் போரிலிருந்து திரும்பிய ரிக் டேவிஸ் இருவரும் சைபோட்ரான் என்ற பெயரில் 1983இலேயே 'கிளியர்' என்ற பாட்டை வெளியிட்டார்கள். அதிலும் இயந்திரக் குரல்தான். ஆனால் அதில் இயந்திரத்துக்குள் ஒளிந்திருந்து ஒருநாள் கழற்றிப்போடப் போகிறவன் எவனும் இல்லை. வின்சென்ட் சின்னின் கொலையாளிகளும் இவர்களும் ஒரே நகரத்தின் வேலையின்மையைப் பார்த்தவர்கள். மனிதன் என்ற பட்டத்தை யாரும் தங்களுக்கு இலவசமாகத் தந்ததில்லை என்பதாலோ என்னவோ, ரோபோவாக இருப்பதில் இவர்களுக்குப் பயமில்லை.

'மிஸ்டர் ரோபோட்டோ'வின் பிற்காலம் கொஞ்சம் வேடிக்கை. 1999இல் ஃபோக்ஸ்வாகன் கம்பெனி அதைக் கார் விளம்பரத்துக்கு எடுத்துக்கொண்டது. டியங் இல்லாத ஸ்டிக்ஸ் பல வருஷம் அந்தப் பாட்டை ஒதுக்கி வைத்திருந்து, 2018இல் முழுசாக மேடையில் வாசித்தது. ஜனங்கள் கூடவே பாடினார்கள். அதற்கு முந்திய வருஷம் 'தி மிஷன்' என்று செவ்வாய்க் கிரகத்துக்குப் போகிற இன்னொரு எதிர்கால ஆல்பம் போட்டார்கள். அதையும் கேட்டேன். வாசிப்பு சுத்தம். யாரையும் தொந்தரவு செய்யவில்லை.

'கில்ராய்' ஆல்பத்தில் 9 பாட்டுகள். கடைசிப் பாட்டு முடிந்ததும் இப்போதெல்லாம் நான் பத்தாவதாக ஒன்றைச் சேர்த்துக் கேட்கிறேன். 'ஆன் அண்ட் ஆன்', சிகாகோ, 1984. ஜெஸ்ஸி சாண்டர்ஸின் தட்டு; ஹவுஸ் இசையின் முதல் தட்டு என்று பலர் சொல்வது அதைத்தான். 808 சளைக்காமல் தட்டிக்கொண்டே இருக்கும். அவரோடு சேர்ந்து அதை எழுதியவர் வின்ஸ் லாரன்ஸ். 1979 ஜூலையில் காமிஸ்கி பார்க்கில் இருக்கை காட்டிக்கொண்டிருந்தாரே, அவர்தான். சின்தசைசர் ஒன்று வாங்கப் பணம் சேர்ப்பதற்காக அந்த வேலைக்குப் போயிருந்தார்.